வரவு மட்டும் எழுதும் கணக்கர்கள்

இளையாத்தங்குடி என்னும் பெயரைச் செட்டிநாட்டுப் பக்கத்தார் எவரிடம் சொன்னாலும் அவர் நினைவுக்கு முதலில் வருவது ஊரன்று, கோயிலே. நகரத்தார் சமூகத்தின் ஒன்பது கோயில்களுள் முதலாவதாக மரபில் எண்ணப்படுவது இவ்வூரில்தான் உள்ளது. மாத்தூர், வைரவன்பட்டி, இரணியூர், பிள்ளையார்பட்டி, நேமம், இலுப்பைக்குடி, சூரக்குடி, வேலங்குடி ஆகியவை மற்ற எட்டு. உலகில் எங்கே வாழ்ந்தாலும் ஒரு நகரத்தார் குடும்பம் இந்த ஒன்பதில் ஒன்றைச் சேர்ந்ததாகவே இருக்கும். திருமணம் நடக்கும்போது கோயிலிலிருந்து மாலை வரும். அம்மாலை வந்த பின்னரே புதுமணத் தம்பதியர் அக்கோயிலின் கணக்கில் ஒரு ‘புள்ளி’ ஆகின்றனர். புள்ளி ஆனவர்க்கு உரிமை உண்டு; புள்ளி வரியும் உண்டு.

அந்தச் சமயம் நம்முடையதன்று. அந்தச் சமூகமும் நம்முடையதன்று. ஆயினும் அந்தப் ‘புள்ளி’ என்னும் சொல் நமக்கு மிகவும் பிடித்திருக்கிறது. ஒரு மனிதனின் அடையாளம் அவன் எதை உடுத்துகிறான் என்பதால் அன்று, எந்தக் கணக்கில் அவன் எண்ணப்படுகிறான், எதற்கு அவன் கடன்பட்டிருக்கிறான் என்பதால் அமைகிறது என்ற தெளிவு அச்சொல்லுக்குள் இருக்கிறது. அத்தெளிவு இந்நாளில் எவ்வளவு மங்கிவிட்டது என்பதை அதே இளையாத்தங்குடிப் பக்கத்தில் நாம் கண்ட ஒரு காட்சி உணர்த்தியது. அதைச் சொல்லாமல் இருக்க இயலவில்லை.

படம் பிடித்த நாள்

நமக்கு நெடுநாளாக அறிமுகமான ஒரு கத்தோலிக்கக் குடும்பம். மகனுக்குத் திருமணம் உறுதியாகியிருந்தது. இப்போதெல்லாம் திருமணத்திற்கு முன்பே மணமக்களை எங்கேனும் அழைத்துச் சென்று படம் பிடிக்கும் வழக்கம் வந்துவிட்டதை வாசகர் அறிவர். இவர்கள் தேர்ந்துகொண்ட இடம் செட்டிநாட்டுப் பழைய வீடு ஒன்று. இளையாத்தங்குடியிலிருந்து சிறிது தொலைவில் அவ்வீடு இருந்தது. “வாருங்கள், நீங்களும் பாருங்கள்” என்று மகனின் தந்தை வற்புறுத்தியதால் நாமும் சென்றோம்.

மணமகன் 1930களின் பெருந்தனக்காரரைப் போல உடுத்தியிருந்தார். சரிகை வேட்டி, மேலே கழுத்துவரை பொத்தான் இட்ட கோட்டு, தலைப்பாகை, கோட்டுப் பையிலிருந்து தொங்கும் சங்கிலிக் கடிகாரம். மணமகள் கண்டாங்கிச் சேலையைப் பழைய முறையில் கட்டியிருந்தார். முகப்பில் ஒரு படம், வளவில் ஒரு படம், பர்மாத் தேக்குத் தூணில் சாய்ந்து ஒரு படம், ஆத்தங்குடிக் கல் பதித்த தரையில் அமர்ந்து ஒரு படம் என்று பொழுது போயிற்று. அழகாகத்தான் இருந்தது. அதை மறுப்பதற்கில்லை.

அவ்வீட்டைக் காத்து வருபவர் ஒரு முதிய பெண்மணி. சொந்தக்காரர்கள் பல ஊர்களில் இருக்கிறார்கள். நாற்பது ஆண்டுகளாக இவர்தாம் வளவைப் பெருக்குகிறார், விளக்கேற்றுகிறார், மழை வந்தால் ஒழுகும் இடத்தில் பாத்திரம் வைக்கிறார். அன்றும் துடைப்பத்தோடு ஓரமாக நின்றுகொண்டிருந்தார். படம் எடுப்பவர் அவரைப் பார்த்து, “பாட்டி, கொஞ்சம் அந்தப் பக்கம் போய் நில்லுங்க. நீங்க கட்டியிருக்கிற நைலக்ஸ் சேலை இந்தக் காலத்துக்குச் சேராது” என்றார். எந்தக் காலத்துக்கு என்று அந்த அம்மையார் கேட்கவில்லை. பின்கட்டுப் பக்கம் ஒதுங்கி வந்தவர் நம் அருகே நின்று, தமக்குத் தாமே சொல்லிக்கொள்வதுபோல மெல்லச் சொன்னார்: “எங்க ஆத்தா காலத்துல இந்த வளவுக்குள்ள கால் வைக்க முடியாது. நான்தான் வந்தேன். இப்ப என்னையும் தள்ளி நிக்கச் சொல்றாக.”

அந்தச் சொல்லே இக்கட்டுரையை எழுதச் செய்தது.

கழற்றி இடுக்கிய சட்டை

அந்த மணமகனின் குடும்ப வரலாறு நமக்குத் தெரியும் என்பதால் நம் வேதனை இரட்டிப்பாயிற்று. அவருடைய பாட்டனார் மறையுமுன் தம் தந்தையைப் பற்றி நம்மிடம் பலமுறை சொல்லியிருக்கிறார். இராமநாதபுரம் சீமையின் வறண்ட கிராமமொன்றிலிருந்து பங்குக் கோயிலை நாடி வந்தவர் அத்தந்தை. குருவானவர் அவருக்கு ஒரு சட்டை கொடுத்தாராம். ஞாயிறுதோறும் கோயில் வளாகத்திற்குள் வந்தபின் அதை அணிந்துகொள்வார். பூசை முடிந்து தெருவில் இறங்குமுன் கழற்றி மடித்துக் கக்கத்தில் இடுக்கிக்கொள்வார். தெருவில் சட்டையோடு நடந்தால் அடி விழும்.

இது ஒரு முதியவரின் மிகைக் கூற்று என்று எவரும் நினைக்க வேண்டா. இன்றைய சிவகங்கை மாவட்டம் அன்று இராமநாதபுரம் மாவட்டத்தின் பகுதி. அம்மாவட்டத்தில் 1930 டிசம்பரில் ஆதிக்கச் சாதியார் சிலர் ஆதிதிராவிட மக்கள்மீது எட்டுத் தடைகளை விதித்தனர். பொன், வெள்ளி நகை அணியக் கூடாது. ஆண்கள் முழங்காலுக்குக் கீழும் இடுப்புக்கு மேலும் துணி உடுத்தக் கூடாது. கோட்டு, சட்டை, பனியன் அணியக் கூடாது. முடி வெட்டிக்கொள்ளக் கூடாது. வீட்டில் மண்பாண்டம் தவிர வேறு பாண்டம் புழங்கக் கூடாது. பெண்கள் மேலுடலை மறைக்கக் கூடாது. பூச் சூடக் கூடாது. குடை பிடிக்கவோ செருப்பு அணியவோ கூடாது. இவை போதாவென்று 1931 ஜூனில் பதினொரு தடைகளாக அவை நீண்டன. பிள்ளைகள் எழுத்தறியக் கூடாது, மாடு மேய்க்க வேண்டும் என்பதும் அவற்றுள் ஒன்று. 1931ஆம் ஆண்டு மக்கள்தொகைக் கணக்கெடுப்பின் ஆணையாளராக இருந்த ஜே. எச். ஹட்டன் இந்தியச் சாதிகளைப் பற்றிய தம் நூலில் இத்தடைகளைப் பட்டியலிட்டிருக்கிறார்.

வாசகர் இந்த ஆண்டுகளை உற்று நோக்க வேண்டும். செட்டிநாட்டு மாளிகைகளின் பொற்காலம் என்று நாம் வியக்கும் காலமும், இத்தடைகளின் காலமும் ஒன்றே. மாவட்டமும் ஒன்றே. மாளிகை கட்டியவர்கள் இத்தடைகளை விதித்தார்கள் என்று நாம் சொல்லவில்லை. அவ்வாறு சொல்வது அநியாயம். ஆனால் ‘1930கள்’ என்று ஒரு காலத்தைப் பெயர் சொல்லி எடுத்து உடலில் போர்த்திக்கொள்கிறவர், அக்காலத்திற்குள் ஒருவனுடைய சட்டை கழற்றப்பட்டது என்பதையும் சேர்த்தே எடுத்துக்கொள்கிறார். தெரிந்து எடுத்தாலும் தெரியாமல் எடுத்தாலும் அது அங்கேதான் இருக்கிறது.

இங்கே ஓர் எதிர்வாதம் எழும், எழ வேண்டும். “கொள்ளுப்பாட்டனுக்கு மறுக்கப்பட்ட கோட்டைக் கொள்ளுப்பேரன் அணிவது வெற்றியன்றோ? அதையும் நீங்கள் பழிப்பீர்களா?” என்று கேட்கலாம். நல்ல கேள்வி. அறிந்து அணிந்தால் அது வெற்றியே. அண்ணல் அம்பேத்கர் கோட்டும் கழுத்துப் பட்டியும் அணிந்தார். தம் மக்களுக்கு எது மறுக்கப்பட்டது என்பதை அறிந்து அணிந்தார். அந்த உடை ஒரு விடை. நம் இளைஞரோ கொள்ளுப்பாட்டனின் கோட்டை அணியவில்லை. எவர் முன்னால் கொள்ளுப்பாட்டன் சட்டையைக் கழற்றினாரோ அவருடைய கோட்டை அணிந்தார். அணிந்துகொண்டு, “எங்கள் தாத்தா காலத்து அழகு” என்று படத்தின் அடியில் எழுதியும் போட்டார். அவருடைய தாத்தாவின் தந்தைக்கு அக்காலம் வைத்திருந்தது கோட்டன்று, மடித்து இடுக்கிய சட்டை. அந்தச் சட்டைக்கு அந்தப் படத்தில் இடமில்லை. நைலக்ஸ் சேலைக்கு இடமில்லாததுபோல.

இறந்தகாலத்தில் குடியேறுவோர்

ஒரு நாள் படப்பிடிப்பை இவ்வளவு பெரிதாக்க வேண்டுமா என்பார் உளர். ஒரு நாளோடு முடிந்தால் வேண்டியதில்லை. முடிவதில்லை என்பதுதான் நம் கவலை. முன்னொரு காலத்தின் உடை, பேச்சு, சாமான், மீசை, பாட்டு ஆகியவற்றை எடுத்து, அவற்றாலேயே தம்மை இன்னார் என்று அறிவித்துக்கொள்ளும் கூட்டம் உலகெங்கும் பெருகி வருகிறது. தாம் வாழும் காலம் அவர்களுக்குப் பிடிக்கவில்லை. எனவே தாம் வாழாத காலமொன்றில் குடியேறுகிறார்கள்.

இது மேல்நாட்டிலும் புதிதன்று. 1950களில் இலண்டன் நகரத்துத் தொழிலாளர் வீட்டு இளைஞர் சிலர், ஏழாம் எட்வர்டு மன்னர் காலத்துக் கனவான்களின் நீண்ட கோட்டைப் போன்ற உடையை அணிந்து தெருவில் உலாவினர். ‘டெடி பையன்கள்’ என்று அவர்களுக்குப் பெயர். கனவான்களின் உடையை உழைப்பாளி மகன் உடுத்தியபோது அதில் ஓர் எதிர்ப்பு இருந்தது. 1970களில் வேறொரு தலைமுறை அந்த டெடி பையன்களின் உடையையே மறுபடி எடுத்து அணிந்தது. அப்போது அதில் எதிர்ப்பு குறைந்து, சேகரிப்பே மிஞ்சியது. போலியைப் பார்த்து எழுதிய போலி போல அது ஆயிற்று.

அமெரிக்காவில் நடந்ததோ நம் கதைக்கு இன்னும் நெருக்கமானது. அந்நாட்டின் தென்மாநிலங்களில் பெரும் பருத்தித் தோட்டங்களும் அவற்றின் வெண்தூண் மாளிகைகளும் இருக்கின்றன. அவை அடிமைகளின் உழைப்பால் எழுந்தவை. அம்மாளிகைகளில் பழங்காலக் கோலத்தில் திருமணம் செய்துகொள்வது நெடுங்காலம் நாகரிகமாக இருந்தது. அடிமைகளின் பேரப்பிள்ளைகள் கேள்வி கேட்கத் தொடங்கினர். 2019 டிசம்பரில், திருமண ஏற்பாடுகளுக்கு வழிகாட்டும் பெரிய நிறுவனங்கள் சில, அத்தோட்டங்களைக் காதலின் சின்னங்களாக விளம்பரப்படுத்துவதை நிறுத்துவதாக அறிவித்தன. மாளிகையை இடிக்க எவரும் சொல்லவில்லை. அது எதன்மேல் நிற்கிறது என்பதை மறைக்காதே என்று மட்டுமே கேட்டார்கள்.

ஐந்தொகை

செட்டிநாட்டு மாளிகைகள் அடிமைகளால் எழுந்தவையல்ல, வணிகத்தால் எழுந்தவை. ஆனால் வணிகத்திற்கும் கணக்கு உண்டு. அந்தக் கணக்கில் தேர்ந்தவர்களே நகரத்தார். சிறுவயதிலேயே கணக்கு எழுதப் பழகி, கடல் கடந்து சென்று, மூன்றாண்டுத் தவணையில் மனைவி மக்களைப் பிரிந்து கடையில் இருந்தவர்கள் அவர்களுள் மிகப் பலர். எல்லாரும் முதலாளிகள் அல்லர். முதலாளியின் கடையில் சம்பளத்திற்கு இருந்தவர்கள் ஏராளம். அவர்கள் முடித்துக்கொடுக்கும் ‘ஐந்தொகை’யில் வரவும் இருக்கும், பற்றும் இருக்கும். ஒரு பக்கத்தை மட்டும் எழுதி நீட்டுகிற கணக்கப்பிள்ளையை எந்த முதலாளியும் ஒரு நாள்கூட வைத்திருக்கமாட்டார்.

பர்மாவை எடுத்துக்கொள்வோம். 1929-30இல் பர்மாவின் வங்கித் தொழிலை ஆராய்ந்த அரசுக் குழு, அங்கே ஏறத்தாழ 1,650 செட்டியார் கடைகள் இருந்தன என்று கணக்கிட்டது. கீழ்ப் பர்மாவின் சதுப்பு நிலங்கள் நெல்வயல்களானதில் அவர்கள் கொடுத்த கடனுக்குப் பெரும் பங்கு உண்டு. மற்ற பலர் கேட்ட வட்டியை விட அவர்கள் கேட்ட வட்டி குறைவு என்பதையும் வரலாற்று ஆசிரியர்கள் ஒப்புகிறார்கள். இது வரவு.

1930இல் உலகப் பொருளாதாரம் சரிந்தது. நெல் விலை வீழ்ந்தது. கடனைத் திருப்ப இயலாத பர்மிய உழவரின் நிலம் கடன் கொடுத்தவர் கைக்கு வந்தது. முக்கிய நெல் விளையும் பதின்மூன்று மாவட்டங்களில் 1930இல் நூற்றுக்கு 6 பங்காக இருந்த செட்டியார் நிலம், 1938இல் நூற்றுக்கு 25 பங்காயிற்று. நிலம் வேண்டும் என்று அவர்கள் விரும்பியதில்லை. பணமாகத் திரும்பி வரவேண்டும் என்றே விரும்பினர். ஆனால் நிலத்தை இழந்த உழவனுக்கு அந்த வேறுபாடு எப்படி ஆறுதலாகும்? 1938இல் அங்கே இந்தியருக்கு எதிரான கலவரம் மூண்டது. 1942இல் சப்பானியப் படை நுழைந்தபோது இலட்சக்கணக்கான இந்தியர் காடும் மலையும் கடந்து நடந்தே திரும்பினர். வழியில் மடிந்தோர் எத்தனையோ ஆயிரம். அவர்களுள் பெரும்பாலோர் வட்டிக்கடைக்காரர் அல்லர். துறைமுகத்திலும் ஆலையிலும் கூலி வேலை செய்தவர்கள். விடுதலை பெற்ற பர்மா 1948இல் நிலத்தை நாட்டுடைமையாக்கும் சட்டம் இயற்றியது. 1960களில் கடைகளும் வங்கிகளும் அரசுடைமையாயின. எஞ்சியோரும் வெறுங்கையோடு வந்து சேர்ந்தனர். இது பற்று.

வளவில் நிற்கும் பர்மாத் தேக்குத் தூண் இந்தக் கணக்கு முழுவதையும் தன்னுள் வைத்துக்கொண்டு நிற்கிறது. அதில் கடல் கடந்தவனின் துணிவு இருக்கிறது. அவனுக்காகக் காத்திருந்த ஆச்சியின் ஆண்டுகள் இருக்கின்றன. நிலத்தை இழந்த பர்மியனின் பெருமூச்சு இருக்கிறது. மலைவழியில் விழுந்த கூலிக்காரனின் எலும்பு இருக்கிறது. இவை அனைத்தையும் அறிந்து அத்தூணைத் தொடுகிறவனுக்கு அது மரபு. சாய்ந்து நின்று படம் பிடித்துக்கொள்ள மட்டும் தொடுகிறவனுக்கு அது வெறும் மரம்.

பழமையைப் போற்றுவோரை எல்லாம் நாம் பழிக்கவில்லை என்பதை இங்கே அழுத்திச் சொல்கிறோம். செட்டிநாட்டு ஊர்த்தொகுதி 2014இல் யுனெஸ்கோவின் உத்தேசப் பட்டியலில் இடம் பெற்றது. காரைக்குடிக் கண்டாங்கிச் சேலைக்கு 2019இல் புவிசார் குறியீடு கிடைத்தது. இவற்றுக்குப் பின்னால் பலருடைய உழைப்பு உண்டு. ஆத்தங்குடியில் கண்ணாடித் தகட்டின்மேல் வண்ணக் கலவையைக் கையால் ஊற்றி, அதன்மேல் மணலும் சிமெண்டும் இட்டு, நீரில் ஊறவைத்து, வெயிலில் காயவைத்துத் தரைக்கல் செய்கிற தொழிலாளி பழமையைத் தன் விரல்களில் வைத்திருக்கிறார். தறியில் கண்டாங்கி நெய்கிறவரும், பனையோலையில் கொட்டான் முடைகிற பெண்களும் அத்தகையோரே. அவர்கள் எவரும் 1930இல் வாழ்வதாகப் பாவனை செய்வதில்லை. இன்றைக்கு வாழ்ந்துகொண்டு, அன்றைய கைத்திறனை நாளைக்குக் கொண்டு போகிறார்கள். நாம் பழிப்பது, அன்றைய கையை விட்டுவிட்டு அன்றைய மோதிரத்தை மட்டும் மாட்டிக்கொள்கிறவரை.

ஆண்ட பரம்பரை என்னும் வேடம்

வேடம் கோட்டோடு நிற்பதில்லை. இதே மனப்பான்மையின் இன்னொரு வடிவத்தை நம் ஊர்த் திருவிழாக்களில் காண்கிறோம். பதினெட்டு வயது இளைஞன் தன் வண்டியில் ஒரு மன்னரின் படத்தை ஒட்டுகிறான். சட்டையில் ‘ஆண்ட பரம்பரை’ என்று எழுதிக்கொள்கிறான். முறுக்கிய மீசையும், கையில் சாதிக்கென்று ஒரு வண்ணக் கயிறும். அவன் தந்தை கூலி வேலைக்குப் போகிறார். அவனுக்கோ படிப்பிற்கேற்ற வேலை இல்லை. இன்றைய காலம் அவனுக்கு ஓர் இடமும் தரவில்லை. எனவே முந்நூறு ஆண்டுகளுக்கு முந்தைய அரியணையில் போய் அமர்கிறான். அவன் மீது நமக்குச் சினத்தைவிட இரக்கமே மிகுதி. ஆனால் அரியணையில் அமர்கிறவனுக்குக் காலடியில் ஒருவன் வேண்டும். இங்கேதான் வேடம் விளையாட்டாக இருப்பதை நிறுத்திவிடுகிறது.

நம் சிவகங்கை மாவட்டத்தின் கச்சநத்தம் கிராமத்தில் 2018 மே மாதம் நடந்தது நினைவிருக்கும். இரவில் ஆயுதங்களோடு புகுந்தவர்கள் தலித் மக்களை வெட்டினர், மூவர் மாண்டனர். தங்களுக்கு உரிய மரியாதை தரப்படவில்லை என்பது பகையின் காரணங்களுள் ஒன்றாகப் பேசப்பட்டது. 2022இல் நீதிமன்றம் இருபத்தேழு பேருக்கு ஆயுள் தண்டனை விதித்தது. ‘உரிய மரியாதை’ என்றால் எந்தக் காலத்திற்கு உரியது? 1930இன் எட்டுத் தடைகளின் காலத்திற்கு உரியது. பழைய காலத்தைத் தன் அடையாளமாகக் கொண்டவன், அடுத்தவனும் அந்தப் பழைய காலத்திலேயே தன் முன் நிற்கவேண்டும் என்று எதிர்பார்க்கிறான். நாங்குநேரியில் 2023இல் பள்ளி மாணவன் ஒருவன் சக மாணவர்களால் வீடு புகுந்து வெட்டப்பட்டான். அதன் பின்னர் அமைந்த நீதியரசர் சந்துரு குழு, பள்ளிகளில் சாதி வண்ணக் கயிறுகளைத் தடை செய்யவேண்டும் என்று 2024இல் பரிந்துரைத்தது. ஒரு முழக் கயிறு என்று எண்ணி நாம் விட்டுவிட்டது எங்கே கொண்டுபோய் நிறுத்தியது என்பதைப் பாருங்கள்.

மாளிகையில் படம் எடுத்துக்கொண்ட மணமகனையும் அரிவாள் எடுத்தவனையும் நாம் ஒன்றாக்கவில்லை. அவர்களுக்கிடையே உள்ள தூரம் பெரிது. ஆனால் இருவரும் நிற்கும் மேடை ஒன்றே: இறந்தகாலத்தில் தமக்குப் பிடித்த இருக்கையைத் தாமே தேர்ந்துகொள்ளலாம், எஞ்சியோர் படத்திற்கு வெளியே நிற்கவேண்டும் என்னும் நினைப்பு. தேரில் ஏறியவனாகத் தம்மை எண்ணுகிறார்களே அன்றி, வடம் தொடக் கூடாதென்று விரட்டப்பட்டவனாக எவரும் தம்மை எண்ணிக்கொள்வதில்லை.

நம் வீட்டுக் கணக்கு

பிறரைச் சொல்லிவிட்டு நம்மை விட்டுவிட்டால் நாமும் வரவு மட்டும் எழுதுகிறவர்கள் ஆவோம்.

நம் பங்குகளில் நூற்றாண்டு விழாக்கள் நடக்கின்றன, மலர்கள் வெளியிடப்படுகின்றன. அவற்றைப் புரட்டிப் பாருங்கள். கடல் கடந்து வந்த குருக்களின் படங்கள், கோபுரத்தின் உயரம், மணி வந்த ஊர், கொடை தந்த குடும்பங்களின் பெயர்கள் எல்லாம் இருக்கும். அக்கோயிலில் யார் எந்தப் பக்கம் அமர்த்தப்பட்டார்கள், யாருடைய தெருவிற்குத் தேர் வரவில்லை, கல்லறையில் யாருக்கு எந்த மூலை என்பது இருக்காது. நெல்லைச் சீமையின் வடக்கன்குளத்தில் 1872இல் எழுந்த ஆலயம் சாதிக்கொரு பக்கமாக இரு கிளைகளோடு கட்டப்பட்டது; நடுவே இருந்த சுவர் 1910இல்தான் இடிக்கப்பட்டது. கட்டியதும் நம் வரலாறு, இடித்ததும் நம் வரலாறு. இரண்டையும் எழுதுகிற மலரே முழுமையான மலர்.

அண்மைக் காலத்தில் வேறொரு போக்கும் தலைகாட்டுகிறது. இரண்டாம் வத்திக்கான் சங்கத்திற்கு முந்தைய திருச்சபையே உண்மைத் திருச்சபை என்று, அக்காலத்தைக் காணாத மேல்நாட்டு இளைஞர் சிலர் அதன் உடையையும் இலத்தீன் வழிபாட்டையும் தம் அடையாளமாக ஆக்கிக்கொள்கின்றனர். நம் பிள்ளைகளில் சிலரும் அதைக் கண்டு மயங்குகின்றனர். இலத்தீனின் அழகை நாம் மறுக்கவில்லை. ஆனால் அக்காலத்தை வாழ்ந்து கடந்த நம் பாட்டிமாரை நாம் கண்டிருக்கிறோம். பீடத்தில் குருவானவர் புரியாத மொழியில் செபிக்க, பின்னால் தரையில் அமர்ந்து அவர்கள் செபமாலை உருட்டிக்கொண்டிருந்தார்கள். தமிழில் திருப்பலி வந்த நாளில் அவர்களுள் பலர் கண்ணீர் விட்டனர். அந்தக் கண்ணீரை அறியாமல் அந்தக் காலத்தை விரும்புவது, அந்தப் பாட்டிமாரை மறுபடியும் பின்னால் அமர்த்துவதாகும்.

என்ன செய்யலாம்?

பழைய வீடுகளுக்குப் போகவேண்டாம் என்று நாம் சொல்லவில்லை. போங்கள். பிள்ளைகளை அழைத்துச் செல்லுங்கள். தூணைக் காட்டுங்கள், அது எங்கிருந்து வந்தது என்று சொல்லுங்கள். கண்டாங்கி வாங்குங்கள், நெய்தவர் யார் என்று கேளுங்கள். ஆனால் அங்கே போகுமுன், உங்கள் கொள்ளுப்பாட்டன் கொள்ளுப்பாட்டி அந்த வீட்டின் எந்த வாசலில் நின்றிருப்பார்கள் என்று ஒரு முறை நினைத்துப் பாருங்கள். நம்முள் பெரும்பாலோருக்கு விடை முகப்பாக இராது. அதில் வெட்கப்பட ஒன்றுமில்லை. பின்வாசலில் நின்றவர்களின் பிள்ளைகளாகப் படித்து, நிமிர்ந்து, முன்வாசல் வழியாக நடந்து வந்தோம் என்பதே நமக்குரிய பெருமை. அதை விட்டு, முகப்பிலேயே பிறந்தவர்போல நடிப்பது, நமக்காக அடி வாங்கியவர்களை நாமே மறுதலிப்பதாகும்.

நம் நண்பரின் மகனிடம் பின்னர் இதைப் பேசினோம். முதலில் அவர் முகம் சுருங்கியது. “ஐயா, ஒரு படத்திற்கு இவ்வளவா?” என்றார். அவருடைய பாட்டனார் சொன்ன சட்டைக் கதையைச் சொன்னோம். அவர் அதுவரை அதைக் கேட்டதே இல்லை. அவருடைய தந்தை அதைச் சொல்லவில்லை, சொல்ல வெட்கப்பட்டிருக்கிறார். அப்போது நமக்கு ஒன்று விளங்கியது. குற்றம் அந்த இளைஞருடையது மட்டுமன்று. பற்றுப் பக்கத்தைக் கிழித்துவிட்டு வரவுப் பக்கத்தை மட்டும் பிள்ளைகளிடம் கொடுத்தவர்கள் நாம். கொடுக்காத கதையின் இடத்தில் அவர்கள் கடையில் கிடைத்த கதையை வாங்கி வைத்துக்கொண்டார்கள்.

ஆகவே, பெற்றோரே, பாட்டன் பாட்டிமாரே, உங்களைக் கேட்டுக்கொள்கிறோம். கழற்றி இடுக்கிய சட்டையின் கதையைச் சொல்லுங்கள். மண்பாண்டத்தின் கதையைச் சொல்லுங்கள். உங்கள் மூதாதையர் பிறருக்கு இழைத்த அநீதி இருந்தால் அதையும் மறைக்காமல் சொல்லுங்கள். அதுதான் எல்லாவற்றிலும் கடினமானது. இளையாத்தங்குடியின் கணக்கில் ஒருவர் புள்ளி ஆகும்போது உரிமையோடு வரியையும் ஏற்றுக்கொள்கிறார். இறந்தகாலத்தை நமது என்று சொல்ல விரும்புகிற எவரும் அவ்வாறே அதன் வரியைக் கட்டியாக வேண்டும்.

திருமணம் முடிந்து சில வாரங்கள் கழித்து அந்த இளைஞர் நமக்கு ஒரு செய்தி சொல்லி அனுப்பினார். தாமும் மனைவியும் அந்த வீட்டிற்கு மறுபடியும் போனார்களாம், சாதாரண உடையில். அந்த முதிய அம்மையார் வளவில் பெருக்கிக்கொண்டிருந்தாராம். அவரை நடுவில் அமர்த்தி, இருபுறமும் இவர்கள் அமர்ந்து ஒரு படம் எடுத்துக்கொண்டார்களாம். அவர் அன்றும் அதே நைலக்ஸ் சேலைதான் கட்டியிருந்தாராம்.